பள்ளிப் பிள்ளைகளோடு மதுரையில் ஓர் இரவு நடை: திட்டமிடுவது முதல் வீடு சேர்ப்பது வரை

மதுரையில் பிறந்து வளர்ந்த ஒன்பதாம் வகுப்பு மாணவிகள் 30 பேரிடம் ஒருமுறை கேட்டேன். "ராத்திரி ஒன்பது மணிக்கு மாசி வீதியில நடந்திருக்கீங்களா?" நாலு கைதான் உயர்ந்தன. அந்த நாலு பேரும் சித்திரைத் திருவிழாவுக்கு அப்பா அம்மாவோடு போனதைச் சொன்னார்கள். தூங்கா நகரம் என்று ஊருக்கே பெயர். அந்த ஊர்ப் பிள்ளைகளுக்கு அதன் இரவு தெரியவில்லை. அந்த வருடம்தான் முதல் இரவு நடைக்குப் பிள்ளைகளைக் கூட்டிப் போனேன்.

அதற்குப் பிறகு பல குழுக்களைக் கூட்டிப் போயாகிவிட்டது. எப்படிச் செய்கிறீர்கள், பயமாக இல்லையா, அனுமதி யார் தருவார்கள் என்று மற்ற பள்ளி ஆசிரியர்கள் கேட்கிறார்கள். தெரிந்ததையெல்லாம் வரிசையாக எழுதிவிடுகிறேன். உங்கள் ஊர் வேறாக இருந்தால் தெருப் பெயர்கள் மாறும், செய்ய வேண்டிய வேலைகள் பெரும்பாலும் இவைதான்.

எதைப் பார்க்கப் போகிறோம்

தேதி குறிப்பதற்கு முன்னால் இதை முடிவு செய்துவிடுங்கள். நாங்கள் போவது இரவில் வேலை செய்கிறவர்களைப் பார்க்க. மீனாட்சி அம்மன் கோயிலும் விளக்கும் ஜிகர்தண்டாவும் வழியில் வருகின்றன, அவ்வளவுதான். இதில் தெளிவு இல்லாவிட்டால் நடை வேடிக்கை பார்ப்பதாக மாறிவிடும். வேர்த்துப்போய்ப் பரோட்டா அடிக்கிறவரைச் சுற்றி நாற்பது பேர் நின்று செல்போனில் படம் பிடிப்பது கல்விச் சுற்றுலா ஆகாது.

மதுரை ஏன் விழித்திருந்தது என்று முதலில் நமக்கே தெரிந்திருக்க வேண்டும். தென் மாவட்டங்களுக்குப் போகும் ரயில்களும் பஸ்களும் பெரும்பாலும் இந்த ஊரைத் தொட்டுத்தான் போகின்றன. நள்ளிரவில் இறங்குகிறவருக்கு ஒரு டீ வேண்டும். மில்லில் ஷிப்ட் முடித்து வருகிறவருக்கு இட்லி வேண்டும். பெரியாஸ்பத்திரியில் நோயாளிக்குத் துணையாக இருப்பவர் இரண்டு மணிக்குப் பசித்தால் வெளியே வருவார். இரண்டாம் ஆட்டம் சினிமா விட்டு ஒரு கூட்டம் வரும். இவர்களுக்காகத்தான் கடைகள் திறந்திருந்தன.

இது நேற்று இன்று தொடங்கியதும் இல்லை. சங்கப் புலவர் மாங்குடி மருதனார் பாடிய மதுரைக்காஞ்சி 782 அடிகள் கொண்ட பாட்டு. பகலில் கூடும் நாளங்காடி, இரவில் கூடும் அல்லங்காடி இரண்டையும் அது விவரிக்கிறது. அதன்பின் இரவின் யாமங்களை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு போகிறது. அதில் எனக்கு மிகவும் பிடித்த இடம், கூவியர் வருவது. கூவியர் என்றால் அடையும் மோதகமும் செய்து விற்கிறவர்கள். இரவு ஏறிய பிறகு, விற்கும் பண்டத்தோடு உட்கார்ந்தபடியே அவர்கள் தூங்கி வழிவதைப் புலவர் பார்த்து எழுதியிருக்கிறார். மன்னனைப் பாட வந்தவர், தூங்கும் பலகாரக்காரருக்கும் ஓர் இடம் கொடுத்திருக்கிறார். நடை முழுக்க இந்தக் கண்ணோடுதான் போக வேண்டும் என்று பிள்ளைகளிடம் சொல்வேன்.

தேதி

நான் விரும்புவது ஜூன் கடைசி வாரம் அல்லது ஜூலை முதல் வாரம். பள்ளி திறந்து வகுப்பு ஒரு ஒழுங்குக்கு வந்திருக்கும், தேர்வு நெருக்கடி இருக்காது, மல்லிகை வரத்தும் இருக்கும். ஆடி பிறந்துவிட்டால் தள்ளுபடிக் கூட்டத்தில் தெற்கு மாசி வீதியில் கால் வைக்க முடியாது. தீபாவளிக்கு முந்தைய மூன்று வாரம், நவராத்திரி, சித்திரைத் திருவிழா இவை எதுவும் வேண்டாம். ஐப்பசி, கார்த்திகையில் மழை. தை, மாசியில் வானம் நன்றாக இருக்கும், ஆனால் குளிர்காலத்தில் மல்லிகை வரத்து சுருங்கி விலை ஏறிவிடும், பூக்காரம்மாவிடம் பேச அவருக்கே நேரமும் மனதும் இருக்காது.

கிழமையில் வெள்ளி, சனி, ஞாயிறு வேண்டாம். செவ்வாய், புதன், வியாழனில் ஒன்று. மறுநாள் காலை முதல் பாட வேளையைத் தலைமை ஆசிரியரிடம் பேசி லேசாக வைத்துக்கொள்ளுங்கள்.

அனுமதியும் பெற்றோரும்

எழுத்து வேலை சின்னதுதான். பள்ளித் தலைமை ஆசிரியர் வழியாகக் கல்வித்துறைக்கு விண்ணப்பம், விளக்குத்தூண் காவல் நிலையத்துக்கு ஒரு கடிதம், பெற்றோரின் கையெழுத்து. காவல் நிலையக் கடிதத்தில் தேதி, நேரம், பாதை, எத்தனை பேர், பொறுப்பாசிரியரின் செல்போன் எண் எல்லாம் இருக்கட்டும். நேரில் போய்க் கொடுங்கள். ரோந்து போகிறவர்களுக்கு உங்கள் முகம் தெரிந்திருப்பது நல்லது.

பெரிய வேலை பெற்றோர் கூட்டம். அதுவும் மாணவிகளின் பெற்றோர். "பொம்பளப் பிள்ளைய ராத்திரி எதுக்கு சார் தெருவுல நடக்க வைக்கணும்?" என்று நேராகவே கேட்பார்கள். அந்தக் கேள்வியில் கோபப்பட எதுவும் இல்லை. பயம் உண்மையானது. நான் மூன்று விஷயங்களைச் செய்கிறேன். முதலாவது, பாதையை வரைபடத்தில் காட்டி ஒவ்வோர் இடத்திலும் எத்தனை மணிக்கு இருப்போம் என்று சொல்லிவிடுகிறேன். இரண்டாவது, இரண்டு அம்மாக்களைக் கூடவே வரச் சொல்லி அழைக்கிறேன். மூன்றாவது, இந்த ஊரில் இரவில் பூ விற்பவர்களும், ஜவுளிக்கடையில் நிற்பவர்களும், ஆஸ்பத்திரியில் ஊசி போடுகிறவர்களும் பெண்கள்தானே என்று கேட்கிறேன். அந்தக் கூட்டத்திலேயே அப்படி வேலை செய்கிற அம்மாக்கள் இருப்பார்கள். அதற்கு மேல் பெரும்பாலும் அவர்களே பேசிவிடுவார்கள்.

மாணவிகளை விட்டுவிட்டுப் பையன்களை மட்டும் கூட்டிப் போகலாம் என்று யாராவது சமரசம் சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். அப்படியானால் நடையே வேண்டாம். பாதிக்குப் பாதி இருக்க வேண்டும்.

எத்தனை பேர், யார் யார்

ஒன்பதாம் வகுப்பும் பதினொன்றாம் வகுப்பும் சரியான வயது. 24 பேருக்கு மேல் வேண்டாம். ஆறு பேருக்கு ஒரு பெரியவர், ஆக நான்கு பெரியவர்கள், அவர்களில் இரண்டு பேராவது பெண்கள். இவர்களுக்கு மேல் இன்னும் இரண்டு பேர் கோயிலுக்குள் வராமல் வெளியே நிற்க வேண்டும். ஏன் என்று பின்னால் சொல்கிறேன்.

தெருவில் 24 பேரும் ஒரே கூட்டமாக நடக்கக் கூடாது. ஆறு பேர் கொண்ட நான்கு குழு, ஒன்றுக்கொன்று இருபது அடி இடைவெளி. கடைக்காரருக்கு வியாபாரம் கெடாது, பிள்ளைகளுக்கும் பேசுபவர் குரல் கேட்கும். மெகாபோன் வேண்டவே வேண்டாம்.

வகுப்பில் ஒரு மணி நேரம்

நடைக்கு இரண்டு நாள் முன்னால் ஒரு பாட வேளை எடுத்துக்கொள்ளுங்கள். முதலில் ஊரை வரையச் சொல்லுங்கள். நடுவில் கோயில், உள்ளே ஆடி வீதிகள், வெளியே சித்திரை வீதிகள், அதைச் சுற்றி ஆவணி மூல வீதிகள், அதற்கும் வெளியே மாசி வீதிகள், கடைசியாக வெளி வீதிகள். மதுரையைத் தாமரைப் பூவுக்கும், தெருக்களை அதன் இதழ்களுக்கும் ஒப்பிட்டுப் பரிபாடலில் ஒரு பாட்டு இருக்கிறது. தாளில் வரைந்து பார்த்ததும் பிள்ளைகளுக்கு அது சட்டென்று புரிந்துவிடும். தெருப் பெயர்களை வைத்தே திசை கண்டுபிடிக்கவும் கற்றுக்கொள்வார்கள். தொலைந்துபோனால் இந்த அறிவுதான் உதவும்.

அடுத்து, பேசிப் பழகுவது. கடைக்காரரிடம் என்ன கேட்பது என்று எழுதிவரச் சொன்னால் "உங்கள் மாத வருமானம் என்ன?" என்றுதான் எழுதுவார்கள். தெரியாத ஒருவர் நம் அப்பாவிடம் அப்படிக் கேட்டால் எப்படி இருக்கும் என்று பேசுங்கள். "எத்தனை மணிக்கு கடை போட்டீங்கண்ணே?", "வீட்டுக்குப் போக எத்தனை மணி ஆகும்க்கா?", "இந்தத் தொழில் யார்கிட்ட கத்துக்கிட்டீங்க?" என்று கேட்கலாம். எப்போது வீட்டுக்குப் போவீர்கள் என்று கேட்டால் எல்லோரும் பேசுவார்கள். கேட்டுவிட்டு ஏதாவது வாங்க வேண்டும். ஒவ்வொரு பிள்ளையிடமும் 50 ரூபாய் இருக்கட்டும். பேரம் பேசக் கூடாது.

படம் எடுப்பது முழுக்க வேண்டாம் என்பதே என் முடிவு. மாணவர்களுக்கு செல்போன் கிடையாது, ஒரு சின்ன நோட்டும் பென்சிலும் மட்டும். படம் எடுக்காததால் அவர்கள் எவ்வளவு உற்றுப் பார்க்கிறார்கள் என்பது மறுநாள் நோட்டைத் திருத்தும்போது தெரியும்.

இன்னும் ஒன்று. இரவுத் தெருவில் திருநங்கைகள் வருவார்கள், பிளாட்பாரத்தில் படுத்திருப்பவர்கள் இருப்பார்கள், யாசகம் கேட்பவர்கள் இருப்பார்கள். சிரிக்கக் கூடாது, முறைக்கக் கூடாது, படுத்திருப்பவர் மேல் டார்ச் அடிக்கக் கூடாது. வகுப்பிலேயே சொல்லிவிடுங்கள். தெருவில் போய்ச் சொன்னால் அது அந்த மனிதர் காதில் விழும்.

நீங்கள் தனியாக ஒரு தடவை

அதே கிழமையில், அதே நேரத்தில், ஒரு வாரம் முன்னால் முழுப் பாதையும் நடந்து பாருங்கள். பகலில் பார்த்த தெரு இரவில் வேறு. மூன்று விஷயங்களைக் குறித்துக்கொண்டு வர வேண்டும்.

கழிப்பறை. இதை முதலில் பாருங்கள். நான்கு மணி நேர நடையில் மாணவிகள் தண்ணீரே குடிக்காமல் வருவார்கள், கேட்டால் தாகமில்லை என்பார்கள். இரண்டு இடம் கட்டாயம் வேண்டும். சாப்பிடப் போகும் கடையிலோ, பழக்கமான ஒரு லாட்ஜிலோ முன்கூட்டியே பேசி, உள்ளே போய்ச் சுத்தமாக இருக்கிறதா, தாழ்ப்பாள் விழுகிறதா என்று பார்த்துவிடுங்கள்.

டாஸ்மாக். கடை மூடும் நேரம் இரவு 10 மணி. அதையொட்டி முன்னும் பின்னும் அரை மணி நேரம் அந்தத் தெருக்களில் கூட்டமும் சத்தமும் இருக்கும். பாதையை அதற்கேற்ப வளைத்துக்கொள்ளுங்கள்.

கடைக்காரர்கள். நிற்கப்போகும் ஒவ்வொரு கடையிலும் முன்கூட்டியே போய், "அடுத்த புதன்கிழமை ஆறு ஆறு பிள்ளைகளா வருவோம், ரெண்டு வார்த்தை பேசுவீங்களா?" என்று கேட்டுவிடுங்கள். மாட்டேன் என்றால் விட்டுவிடுங்கள். சம்மதித்தவர்கள் அன்றைக்கு உங்களுக்காகக் காத்திருப்பார்கள்.

பாதை

கோயிலுக்குள் நடப்பதைச் சேர்க்காமல் சுமார் இரண்டு கிலோமீட்டர். சித்திரை வீதிகளில் வண்டி போகாது. பள்ளி பஸ் வெளி வீதியில் இறக்கிவிட்டுப் போய், முடிவில் ரயில்வே ஸ்டேஷன் பக்கம் வந்து ஏற்றிக்கொள்ள வேண்டும்.

மாலை 6.30, புதுமண்டபத்துக்கு எதிரே. திருமலை நாயக்கர் 17ஆம் நூற்றாண்டில் வசந்த விழாவுக்காகக் கட்டியது. பின்னாளில் அது தையல்காரர்களும் வளையல்காரர்களும் புத்தகக்காரர்களும் பாத்திரக்காரர்களும் நிறைந்த கடைவீதியாக இருந்தது. இப்போது அந்தக் கடைகள் குன்னத்தூர் சத்திரத்துக்கு மாறியிருக்கின்றன. ஒரு தொழில் இடம் மாறும்போது வாடிக்கையாளர் கூடவே வருவாரா என்று கேளுங்கள். பதில் சொல்ல வேண்டாம், கேள்வி மனதில் இருக்கட்டும். பத்து நிமிடம் போதும்.

6.50, கீழ மாசி வீதி. மொத்த வியாபார மளிகைக் கடைகள். மிளகாய் வற்றல் நெடியில் முதல் குழு தும்மத் தொடங்கும்போதே கடைசிக் குழுவுக்குத் தெரு வந்துவிட்டது தெரிந்துவிடும். இங்கே பார்க்க வேண்டியது சுமைதூக்கும் தொழிலாளர்களை. ஓரமாக, அவர்கள் பாதையை மறிக்காமல் நிற்க வேண்டும். ஒரு மூட்டை லாரியிலிருந்து இறங்கிக் கடைக்குள் போவதை மட்டும் முழுசாகக் கவனிக்கச் சொல்லுங்கள். துண்டைச் சுருட்டித் தலையில் சும்மாடாக வைப்பது, கொக்கியால் மூட்டையின் காதை இழுப்பது, முதுகு குனிந்து மூட்டை ஏறும் நொடியில் முட்டி லேசாக மடங்கி நிமிர்வது, அதற்கப்புறம் ஓட்டமும் நடையுமாகப் போவது. ஒரு மாணவன் தன் நோட்டில், "மூட்டை தலையில் இருக்கும்போது அவர் யாரையும் திரும்பிப் பார்ப்பதில்லை, கண்ணை மட்டும் திருப்புகிறார்" என்று எழுதியிருந்தான். அத்தனை தடவை பார்த்தும் நான் அதைக் கவனித்ததில்லை.

7.15, விளக்குத்தூண். 1840களில் மதுரையின் கோட்டைச் சுவரை இடிக்க ஏற்பாடு செய்த கலெக்டர் பிளாக்பர்ன் நினைவாக நிறுத்தியது. சுவரை இடித்து அகழியைத் தூர்த்தவர்களுக்கு அந்த இடத்திலேயே நிலம் கிடைத்தது. கோட்டை இருந்த இடம்தான் இன்றைய வெளி வீதிகள். அந்த வேலையோடு சேர்ந்த பெயர்கள் பெருமாள் மேஸ்திரி வீதி, மாரட் வீதி என்று இன்னும் தெருப்பலகையில் இருக்கின்றன. கோட்டைக்குள் அடைந்திருந்த ஊர் வெளியே பரவிய கதையை இங்கே நின்று சொன்னால் நன்றாக ஏறும்.

அப்புறம் ஐந்து நிமிடம் யாரும் பேசக் கூடாது. கண்ணை மூடிக்கொண்டு கேட்கும் சத்தங்களை எண்ண வேண்டும். அல்லங்காடியின் இரைச்சலை மதுரைக்காஞ்சி, பலவகைப் பறவைகள் மாலையில் ஒன்றாகக் கூடிக் கத்தும் ஒலிக்கு ஒப்பிடுகிறது. உங்கள் காதுக்கு எது போல இருக்கிறது என்று எழுதச் சொல்லுங்கள். இந்த ஐந்து நிமிடத்தைத் தயவுசெய்து வெட்டிவிடாதீர்கள். நேரம் போதவில்லை என்றால் புதுமண்டபத்தை வெட்டலாம்.

ஜிகர்தண்டா இங்கேதான். சுண்டக் காய்ச்சிய பால், கடல்பாசி அல்லது பாதாம் பிசின், நன்னாரி சர்பத், மேலே ஐஸ்கிரீம். பால் ஒத்துக்கொள்ளாத பிள்ளைகள் யார் என்று பெற்றோரிடம் முன்பே எழுதி வாங்கியிருக்க வேண்டும்.

பக்கத்தில் பருத்திப்பால் வண்டி நின்றால் அதையும் காட்டுங்கள். பருத்திக்கொட்டையை ஊறவைத்து அரைத்துப் பாலெடுத்து, வெல்லம் அல்லது கருப்பட்டி, சுக்கு, தேங்காய் சேர்த்துக் காய்ச்சுவது. ஒருமுறை நாங்கள் போனபோது வண்டிக்காரப் பெரியவர் ஸ்டூலில் உட்கார்ந்தபடி தூங்கிக்கொண்டிருந்தார். தலை மார்பில் சாய்ந்திருந்தது, கை மட்டும் அகப்பையை விடவில்லை. ஆறு பேரும் அப்படியே நின்றார்கள். ஒருத்தி என் பக்கம் திரும்பி, "கூவியர் சார்" என்று மெதுவாகச் சொன்னாள். யாரும் அவரை எழுப்பவில்லை. வாடிக்கைக்காரர் ஒருவர் வந்து, "அய்யா, ஒரு கிளாஸு" என்றதும் கண்ணைத் திறந்தார், அகப்பை தானாகவே சட்டிக்குள் போனது.

7.50, தெற்கு மாசி வீதி. ஜவுளிக்கடைகள். உள்ளே போக வேண்டாம், கண்ணாடிக்கு வெளியே நின்று பார்த்தால் போதும். நான் கொடுக்கும் வேலை ஒன்றே ஒன்று. துணி எடுத்துப் போடும் அக்காக்களுக்கு உட்கார நாற்காலி இருக்கிறதா என்று எண்ணி வரச் சொல்வேன். கடைகளில் வேலை செய்பவர்களுக்கு இருக்கை வசதி தர வேண்டும் என்று தமிழ்நாடு 2021இல் சட்டத்திருத்தம் கொண்டுவந்தது. நாற்காலி இருந்தாலும் யாராவது உட்கார்ந்திருக்கிறார்களா என்று பார்க்கச் சொல்லுங்கள். சிரித்த முகத்தோடு புடவையை விரித்துக்கொண்டே, கவுண்டருக்குக் கீழே ஒரு காலைச் செருப்பிலிருந்து எடுத்து மற்ற காலின் மேல் வைத்து ஆற்றிக்கொள்ளும் ஒருவரை ஏதாவது ஒரு குழு பார்த்துவிடும்.

பத்து பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் கடைகள் 24 மணி நேரமும் திறந்திருக்கலாம் என்று தமிழக அரசு 2019இல் அனுமதித்தது, பிறகு நீட்டித்தது. பெண்களை எழுத்துமூலச் சம்மதம் இல்லாமல் இரவு 8 மணிக்கு மேல் வேலை வாங்கக் கூடாது, பாதுகாப்பும் போக்குவரத்தும் தர வேண்டும் என்ற நிபந்தனைகளும் அதில் உண்டு. பெரிய பிள்ளைகளாக இருந்தால் இதைப் பேசுங்கள். மணி அப்போது சரியாக எட்டு ஆகியிருக்கும்.

8.10, சாப்பாடு. தெருவோர டிபன் கடையாக இருக்கட்டும். இட்லி, தோசை, பரோட்டா சால்னா. முன்கூட்டியே சொல்லிவைத்து, ஆறு ஆறு பேராக உட்காருங்கள். முதல் குழு சாப்பிடும்போது மற்றவர்கள் பரோட்டாக் கல்லுக்கு எதிரே நின்று பார்க்கலாம். மாவை வீசி விரிப்பதை எல்லோரும் பார்ப்பார்கள். சூடான பரோட்டாக்களை அடுக்கி, இரண்டு கையாலும் பக்கவாட்டில் தட்டிப் பிரிப்பதைப் பார்க்கச் சொல்லுங்கள். அந்தச் சூட்டை எப்படித் தாங்குகிறீர்கள் என்று ஒரு பெண் கேட்டதற்கு அந்த அண்ணன் உள்ளங்கையை விரித்துக் காட்டினார். தோல் முழுக்கத் தடித்து வழவழவென்றிருந்தது.

8.45, பூக்காரம்மா. தெற்காவணி மூல வீதியில் நகைக்கடைகளின் வெளிச்சம் முழுக்க நடைபாதையில் விழும். அதைத் தாண்டி கோயில் பக்கம் போனால் பூ விற்பவர்கள். மதுரை மல்லிக்கு 2013இல் புவிசார் குறியீடு கிடைத்தது. விடியும் முன் மொட்டாகப் பறிக்கிறார்கள், காலையில் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் விலை போகிறது, பகலில் தொடுக்கிறார்கள், இரவில் கூந்தலில் மலர்கிறது. நாள் முழுக்க நடந்த வேலையின் கடைசிக் கட்டத்தில் நாம் போய் நிற்கிறோம். நாரில் முடிச்சுப் போடுவதை ஒருமுறை மெதுவாகச் செய்து காட்டச் சொல்லிக் கேளுங்கள், சிரித்துக்கொண்டே காட்டுவார்கள். ஒவ்வொரு குழுவும் ஒரு முழம் வாங்கட்டும்.

கோயில்: கொஞ்சம் கவனமாக

இரவு 9 மணிக்கு மேல் பள்ளியறை பூஜை. சுந்தரேசுவரரின் திருவடிகளை வெள்ளிப் பல்லக்கில் வைத்து, அம்மன் சன்னிதியின் பள்ளியறைக்குத் தூக்கிப் போவார்கள். ஊரே விழித்திருக்க, சாமி தூங்கப் போகிற நேரம். சாம்பிராணிப் புகையும் நாதஸ்வரமுமாகப் பல்லக்கு கடந்து போகும்போது பிள்ளைகள் தானாகவே அமைதியாகிவிடுவார்கள்.

செல்போன் உள்ளே அனுமதி இல்லை. ஒரு வருடம் எல்லாப் பெரியவர்களும் போனை ஒப்படைத்துவிட்டு உள்ளே போனோம். வெளியே வந்து எண்ணினால் ஒரு பையன் குறைகிறான். வேறு கோபுர வாசல் வழியாகப் போய்விட்டிருக்கிறான். யாரையும் அழைக்க யாரிடமும் போன் இல்லை. இருபது நிமிடம் கழித்து, செருப்பில்லாத காலோடு சித்திரை வீதியைச் சுற்றி அவனே வந்து சேர்ந்தான். சித்திரை வீதியிலேயே சுற்றினால் எப்படியும் நாம் நிற்கும் வாசல் வரும் என்று அவனுக்குத் தெரிந்திருந்தது, வரைபட வகுப்பின் புண்ணியம். தவறு முழுக்க என்னுடையது. அன்றிலிருந்து இரண்டு பெரியவர்கள் போனோடு வெளியேதான் நிற்கிறார்கள். நுழைந்த வாசலிலேயே வெளியே வருகிறோம், செருப்பும் அங்கேதான். ஒவ்வொரு பிள்ளையின் சட்டைப்பையிலும் பொறுப்பாசிரியரின் எண் எழுதிய அட்டை இருக்கிறது.

உங்கள் வகுப்பில் முஸ்லிம், கிறிஸ்தவப் பிள்ளைகள் இருப்பார்கள். கொடிமரத்தைத் தாண்டி மற்ற மதத்தவருக்கு அனுமதி கிடையாது. நீங்கள் உள்ளே போய்விட்டு வாருங்கள், இவர்கள் இங்கேயே நிற்கட்டும் என்று வகுப்பைப் பிரித்தால், அந்தப் பிள்ளைகள் இரவு முழுவதிலும் அதை மட்டும்தான் நினைவில் வைத்திருப்பார்கள். எல்லோரும் நிற்கக்கூடிய இடம் எதுவோ அதுவரைதான் எங்கள் குழு போகும். எந்த இடத்தில் நின்றால் பல்லக்கு கண்ணில் படும் என்பதை முன்னோட்ட நடையிலேயே பார்த்துக்கொள்ளுங்கள். வர விருப்பமில்லை என்று ஒரு வீட்டில் சொன்னால், அந்தப் பிள்ளையோடு ஓர் ஆசிரியர் சித்திரை வீதியில் உட்காரட்டும், அங்கேயும் எழுத நிறைய இருக்கிறது.

1939 ஜூலை 8 அன்று வைத்தியநாத ஐயர், அதுவரை உள்ளே விடப்படாத தாழ்த்தப்பட்ட வகுப்பினரை, கக்கன் உள்ளிட்டவர்களை, அழைத்துக்கொண்டு இந்தக் கோயிலுக்குள் நுழைந்தார். வாசலில் நின்று இதைச் சொல்லாமல் உள்ளே போகாதீர்கள்.

முடிவு

9.50க்கு வெளியே வந்து எண்ணுங்கள். சத்தமாக, பெயர் சொல்லி. மேலச் சித்திரை வீதி வழியாக டவுன்ஹால் ரோட்டில் திரும்புங்கள். மேல மாசி வீதி குறுக்கிடும் இடத்தில், நேரம் இருந்தால், காந்தி 1921 செப்டம்பரில் தங்கிய வீட்டைப் பற்றி இரண்டு நிமிடம். இந்தத் தெருவில் தங்கியிருந்தபோதுதான் அவர் அரையாடைக்கு மாறினார், செப்டம்பர் 22ஆம் தேதி. நேரம் இல்லையென்றால் பஸ்ஸில் சொல்லலாம்.

இந்தக் கடைசிப் பகுதியில் பிள்ளைகள் களைத்திருப்பார்கள், தெருவும் மாறியிருக்கும். இரண்டிரண்டு பேராக, இடைவெளி இல்லாமல் நடங்கள். கடைகள் அடைத்த பிறகு தூய்மைப் பணியாளர்கள் குப்பையைக் கூட்டத் தொடங்கியிருப்பார்கள். நாம் சாப்பிட்ட கடையின் இலையும் ஜிகர்தண்டா கப்பும் அந்தக் குவியலில்தான் இருக்கும். நின்று ஒரு வணக்கம் சொல்லிவிட்டுப் போகச் சொல்கிறேன்.

வழியில் சின்னப் பிள்ளை ஒருவன் டம்ளர் கழுவுவதை உங்கள் மாணவர்கள் பார்த்துவிட்டால், நீங்கள் பார்க்காதது போல் இருக்க முடியாது. 14 வயதுக்குக் கீழே வேலைக்கு வைக்கக் கூடாது. 18க்குள் இருப்பவர்களையும் இரவு 7 முதல் காலை 8 வரை வேலை வாங்கக் கூடாது. கடையில் சண்டை போட வேண்டாம். இடத்தைக் குறித்துக்கொண்டு குழந்தைகள் உதவி எண்ணான 1098க்கு அழையுங்கள். அழைத்ததை மறுநாள் வகுப்பில் சொல்லுங்கள். அவசரத்துக்கு 112, ஆம்புலன்ஸ் 108.

10.30க்கு பஸ். பிள்ளைகளை வீட்டு வாசலிலோ, பெற்றோர் நிற்கும் இடத்திலோ இறக்கிவிடுங்கள். பள்ளி வாசலில் மொத்தமாக இறக்கிவிட்டு அங்கிருந்து அவரவர் போகட்டும் என்பது கூடாது. ஒவ்வொரு வீட்டிலிருந்தும் வந்து சேர்ந்த செய்தி வரும்வரை பட்டியலில் டிக் போட்டுக்கொண்டிருக்க ஓர் ஆள் வேண்டும்.

மறுநாள்

அறிக்கை எழுதச் சொல்லாதீர்கள். அறிக்கை என்றதும் "மதுரை ஒரு பழமையான நகரம்" என்று தொடங்கிவிடுவார்கள். நேற்றிரவு பார்த்த ஒரே ஒருவரைப் பற்றி, அவர் கை என்ன செய்துகொண்டிருந்தது என்று ஒரு பக்கம். அவ்வளவுதான் வீட்டுப்பாடம்.

எழுதியதில் நல்லதைத் தேர்ந்தெடுத்து, அழகாகப் படியெடுத்து, அந்தந்தக் கடைக்காரரிடமே கொண்டுபோய்க் கொடுங்கள். மாணவர்களில் இரண்டு பேர் கூட வரட்டும். இரவில் போகாதீர்கள், அது வியாபார நேரம். மாலை ஐந்தரைக்குப் போனால் வண்டியைத் துடைத்து அடுப்புப் பற்றவைத்துக்கொண்டிருப்பார்கள், நின்று வாசிக்கக் கொஞ்சம் நேரம் இருக்கும். வாசிக்கத் தெரியாதவராக இருந்தால் எழுதிய பிள்ளையே வாசித்துக் காட்டட்டும்.